முந்திச் சொல்லும் ரேடியோ

அம்மா தாடையைத் தாங்கிப் பிடித்துக்கொள்ள, அப்பாவின் உச்சந்தலையில் கைக்குட்டையின் இரண்டாவது முடிச்சை நெரெய்தா இறுக்கிக்கொண்டிருந்தபோது சமையலறையில் செல்போன் அடித்தது. இரண்டு பேரும் அப்படியே நின்றுவிட்டார்கள். திருட்டு வேலை செய்து அகப்பட்டுக்கொண்டவர்கள்போல ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"அவன்தான்" என்றாள் அம்மா திக்னா. "எடுக்காட்டி விடமாட்டான். திரும்பத் திரும்ப அடிப்பான்."

ஆட்டமிருக்கும் நாளில் வீட்டுக்குப் பேசாமல் தம்பி எலாதியோ மைதானத்துக்குக் கிளம்பியதே கிடையாது. பதினாறு வயதில் பேஸ்பால் ஆட வட அமெரிக்காவுக்கு விமானம் ஏறியதிலிருந்து இதுதான் வழக்கம். அவன் கூப்பிடுவான், அப்பா எடுப்பார், சொன்னதையே சொல்வார், வைத்துவிடுவார். நெரெய்தா ஓடிப்போய் போனை எடுத்தாள். கையில் அப்பாவுக்குப் பூசிய கொலோன் வாசனை.

"அக்கா? அப்பா எங்க?"

"குளிக்கிறாருடா."

"இந்நேரத்துலயா?"

"ஞாயித்துக்கிழமை இல்லையா. பூசைக்குப் போகணுங்கிறாரு."

அந்தப் பக்கம் எலாதியோ சிரித்தான். "அப்பாவா? பூசைக்கா? என்னக்கா, செத்துகித்துப் போகப்போறாரா மனுஷன்?"

நெரெய்தா மேஜையின் ஓரத்தை இறுகப் பிடித்துக்கொண்டாள். கோயில் பக்கமே போகாத மனிதருக்கு வேறு எதையாவது சொல்லியிருக்கலாம். கடைக்குப் போயிருக்கிறார் என்றிருக்கலாம். பொய் சொல்லிப் பழகாதவளுக்கு அவசரத்துக்கு நல்ல பொய்யா வரும்?

"வாயக் கழுவுடா" என்றாள்.

"சரி சரி. அவர் சொல்றத நீயே சொல்லிடு. பஸ் வந்துடுச்சு."

"தாழப் போடு. அவசரப்படாத. முடிஞ்சதும் சாப்பிடு."

அந்தப் பக்கம் பஸ் ஹார்ன் மட்டும் கேட்டது. அவன் கண்டுபிடித்துவிட்டான் என்றே நினைத்தாள்.

"அப்படியே அப்பா குரல்க்கா" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டான்.

அப்பா ஃபெர்மின் விடிவதற்கு முன்பே போய்விட்டார். ஒரு வருஷமாக மக்கர் செய்துகொண்டிருந்த இதயம், தூக்கத்திலேயே நின்றுவிட்டது. காபியோடு எழுப்பப் போன அம்மா, காபியைக் கீழே வைத்துவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டாள். வாய்விட்டு அழப்போனவளின் வாயைப் பொத்தியவள் நெரெய்தா. பொத்திய கையை எடுக்கும்போதுதான் தான் என்ன செய்தோம் என்பதே அவளுக்கு உறைத்தது.

"அம்மா, இன்னிக்கு அவனுக்கு ஆட்டம்மா."

அதற்கு மேல் விளக்கம் தேவைப்படவில்லை. மூன்று வருஷத்துக்கு முன் சித்தப்பா செத்தபோது, ஆட்டநாள் காலையில் எலாதியோவுக்குச் சொன்னவள் இவள்தான். சொல்லாமல் இருப்பது பாவம் என்று நினைத்துச் சொன்னாள். அன்று முதல் இன்னிங்ஸிலேயே அவன் பந்து கண்டபடி அடி வாங்கியது. மறுநாள் அவனைக் கீழ்மட்ட லீக்குக்கு அனுப்பிவிட்டார்கள். அங்கே போய் முழங்கை போயிற்று, அறுவை சிகிச்சை, மறுபடி ஒரு அறுவை சிகிச்சை. முப்பத்து மூன்று வயதில், விளையாட்டே முடிந்தது என்று எல்லோரும் கைகழுவிய பிறகு, வேறொரு பிட்ச்சருக்குத் தோள் பிடித்துக்கொண்டதால் இன்று ஒரே ஒரு நாள் பந்துவீசக் கூப்பிட்டிருக்கிறார்கள். இன்று நன்றாகப் போட்டால் வைத்துக்கொள்வார்கள். இல்லையென்றால் இந்த சான் பேத்ரோவுக்கே திரும்பி வந்து, இந்தத் தெருவில் இருக்கிற இன்னும் பல முன்னாள் பிட்ச்சர்களோடு மரத்தடியில் டோமினோ ஆடலாம்.

சொன்னால் அவன் கை உடையும். சொல்லாவிட்டால் தம்பி தனக்கு இல்லாமல் போவான். அவள் பயந்தது இந்த இரண்டுக்கும்தான். இதில் எதற்கு அதிகம் பயந்தாள் என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. அம்மா சரியென்றும் சொல்லவில்லை, வேண்டாமென்றும் சொல்லவில்லை. ஆட்டம் முடிந்ததும் பாதிரியாரைக் கூப்பிடுவது, சவப்பெட்டிக்குச் சொல்வது, தம்பிக்குச் சொல்வது என்று முடிவெடுத்ததெல்லாம் நெரெய்தாதான்.

ஆனால் ஆட்டம் முடியும்வரை சாவை மறைக்க அந்த வீட்டைப்போல மோசமான வீடு அந்த ஊரிலேயே கிடையாது. எலாதியோ பந்துவீசும் நாளில் தெருவே அங்கேதான் வந்து உட்காரும். இருப்பதிலேயே பெரிய டிவி அவர்கள் வீட்டில். வராதீர்கள் என்று சொல்ல முடியுமா? கதவைச் சாத்தினால் ஏன் சாத்தினாய் என்று கேட்பார்கள். ரேடியோ சத்தம் கேட்காவிட்டால் ஏன் கேட்கவில்லை என்பார்கள்.

ரேடியோ என்பது அப்பாவின் கூத்து. டிவியில் பேசுகிறவர்களை அவர் நம்பமாட்டார். தன் இரும்பு நாற்காலியில் சாய்ந்து, ஒரு சின்ன ரேடியோவைக் காதோடு வைத்துக்கொண்டு டிவியையும் பார்ப்பார். டிவி எப்போதும் ரேடியோவுக்குச் சில நொடி பின்னால்தான் வரும். அதனால் அவர் முகம் சுருங்கினால் அடி விழப்போகிறது, மலர்ந்தால் அவுட். "தோன் ஃபெர்மின், மூஞ்சிய அந்தப் பக்கம் திருப்பிக்குங்க, எங்களையும் கொஞ்சம் பார்க்க விடுங்க!" என்று, மரியாதைக்கு 'தோன்' போட்டே கூட்டம் கத்தும். அவர் கேட்பதே இல்லை.

அம்மா படுக்கையறைக் கண்ணாடியைப் போர்வையால் மூடினாள். சாவு வீட்டில் கண்ணாடி திறந்திருக்கக் கூடாது. கூடத்துச் சுவரிலும் ஒரு பெரிய கண்ணாடி இருந்தது. அதை மூடினால் வருகிற முதல் ஆளுக்கே விஷயம் விளங்கிவிடும். "அது கெடக்கட்டும்மா" என்றாள் நெரெய்தா. அம்மா அந்தக் கண்ணாடியைப் பார்த்துச் சிலுவை போட்டுக்கொண்டு உள்ளே போனாள்.

வெயில் ஏறிக்கொண்டிருந்தது. நெரெய்தா மூலைக்கடைக்குப் போய் இரண்டு பை ஐஸ் கேட்டாள். கடைக்காரர் கிரினோ எலாதியோவுக்கு ஞானத்தகப்பன். அப்பாவும் அவரும் ஒருவரையொருவர் கொம்பாத்ரே என்றுதான் கூப்பிட்டுக்கொள்வார்கள்.

"ரெண்டு பையா? ஜெயிக்கறதுக்கு முன்னாடியே விருந்தா?" என்றார் கிரினோ. "என் கொம்பாத்ரே எங்க? காலைல காபிக்கு வரவே இல்லையே?"

"லேசா காய்ச்சல் மாமா. படுத்திருக்காரு."

"ஆட்டநாள்ல காய்ச்சலா? அந்தக் காய்ச்சல் மகன் நாலு பேர அவுட்டாக்கினா ஓடிப்போயிடும்."

ஐஸை இரண்டு தகர வாளிகளில் கொட்டிக் கட்டிலுக்கடியில் தள்ளி, மேஜை விசிறியை அதன்மேல் காற்று படும்படி திருப்பி வைத்தார்கள். அம்மா அப்பாவின் காதருகே தலையணையில் ரேடியோவை வைத்தாள்.

"இது எதுக்கும்மா?"

"ஒரு ஆட்டத்தக்கூட அவர் விட்டதில்ல" என்றாள் அம்மா.

மதியம் ஆனதும் வந்துவிட்டார்கள். அவரவர் பிளாஸ்டிக் நாற்காலியோடு வந்தார்கள். கிரினோ கடையைப் பாதி சாத்திவிட்டு ஒரு ரம் பாட்டிலோடு வந்தார். எதிர்வீட்டு லூசிலா வறுத்த வாழைக்காயும் பெரிய வாயுமாக வந்தாள். வாடகை மோட்டார் சைக்கிள் ஓட்டும் யாந்த்ரி ஹெல்மெட்டைத் தொடைமேல் வைத்துக்கொண்டு, கண்ணாடிக்குக் கீழே இடம் பிடித்தான். அவன் கையில் செல்போன் இல்லாத நேரம் கிடையாது. தெருவில் ஒரு நாய் குட்டி போட்டாலும் படம் பிடித்து ஊருக்கு அனுப்புகிறவன். எலாதியோவின் அணியிலேயே இந்த ஊர்ப் பையன்கள் இரண்டு பேர் இருக்கிறார்கள். யாந்த்ரி கட்டைவிரலை அசைத்தால் போதும்.

அப்பாவின் இரும்பு நாற்காலி காலியாகக் கிடந்தது.

"தோன் ஃபெர்மின் எங்கடி?"

"காய்ச்சல். உள்ள படுத்துட்டே கேக்கறாரு. அம்மா கூட இருக்காங்க."

மூடிய கதவுக்குப் பின்னாலிருந்து ரேடியோ சன்னமாகக் கேட்டது. "ஆமாமா, கேக்குது" என்றாள் லூசிலா. கதவைப் பார்த்துக் கத்தினாள். "தோன் ஃபெர்மின்! இன்னிக்காவது எங்களுக்கு முன்னாடி கத்தாம இருங்க!"

எல்லோரும் சிரித்தார்கள். நெரெய்தாவும் சிரித்தாள். சிரிப்பு எப்படி வந்தது என்று அவளுக்கே தெரியவில்லை.

எலாதியோ திடலின் நடுமேட்டில் வந்து நின்றான். டிவியில் அவன் முகம் பெரிதாக வந்தபோது, அப்பாவின் மூக்கும் அப்பாவின் தாடையும் அப்படியே இருந்தன. அன்று காலையில் அந்தத் தாடையைத்தான் அவள் கட்டிவிட்டு வந்திருந்தாள். அவள் சட்டென்று தரையைப் பார்த்துக்கொண்டாள்.

முதல் இன்னிங்ஸில் மூன்று பேர் வந்தார்கள், மூன்று பேரும் போனார்கள். இரண்டாவதிலும் அப்படியே. பந்து தாழ விழுந்துகொண்டிருந்தது. கூட்டம் ஒவ்வொரு அவுட்டுக்கும் கை தட்டியது. நெரெய்தா கதவோரம் ஒரு முக்காலியைப் போட்டு, முதுகால் கதவை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஆட்டத்தை அவள் பார்க்கவில்லை, கைகளைத்தான் பார்த்தாள். யார் கை போனுக்குப் போகிறது, யார் எழுந்திருக்கிறார்கள் என்பதே அவள் கவலை.

மூன்றாவது இன்னிங்ஸ் முடிந்ததும் கிரினோ எழுந்துவிட்டார்.

"என் கொம்பாத்ரேயப் பார்த்துட்டு வந்துடறேன். ஒரு வாய் ஊத்தினா காய்ச்சல் எறங்கும்."

"வேண்டாம் மாமா. இப்பத்தான் கண்ணசந்தாரு."

"ரேடியோ ஓடுது, கண்ணசந்தாராமே! நகரு புள்ள."

நெரெய்தா நகரவில்லை. அவர் கதவின் கைப்பிடிக்கு நீட்டிய கை அவள் தோளைத் தொட்டது. "அம்மா துணி மாத்திவிடறாங்க மாமா" என்றாள். நல்ல பொய் ஒன்று ஒருவழியாக வந்தது. கிரினோ கையை எடுத்துக்கொண்டு, பாட்டிலோடு திரும்பிப் போய் உட்கார்ந்தார்.

அடுத்த சோதனை லூசிலா வடிவில் வந்தது. ரம் சூடாக இருக்கிறதாம், ஐஸ் வேண்டுமாம். "ரெண்டு பை வாங்கினியே, கிரினோ சொன்னாரே" என்று கேட்டுக்கொண்டே சமையலறைக்குப் போய் ஃபிரிஜ்ஜைத் திறந்துவிட்டாள். மீன்துண்டு ஒன்றும் காலித் தட்டும்தான் இருந்தன.

"எங்கடி ஐஸ்?"

"அப்பாவுக்கு ஒத்தடம் குடுக்க வச்சிருக்கோம் அக்கா."

"ரெண்டு பை ஐஸ ஒத்தடமா? என்னடி, மனுஷனா மீனா?"

லூசிலாவுக்குத் தன் நகைச்சுவை ரொம்பப் பிடித்துவிட்டது. கூடத்துக்குப் போய் எல்லோருக்கும் திரும்பச் சொன்னாள். மறுபடி சிரிப்பு. கதவுக்கு அந்தப் பக்கம் அம்மா இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருப்பாள் என்று நினைத்தபோது நெரெய்தாவுக்கு லூசிலாவை அறையவேண்டும்போல இருந்தது. அறையாமல் முக்காலியில் போய் உட்கார்ந்தாள். காலடியில் ஏதோ குளிர்ந்தது. கதவிடுக்கிலிருந்து தண்ணீர் மெல்லிய கோடாக வெளியே வந்துகொண்டிருந்தது. பழைய வாளி, எங்கோ ஓட்டை. அவள் பாவாடை நுனியால் யாரும் பார்ப்பதற்குள் ஒற்றி எடுத்தாள்.

ஐந்தாவது இன்னிங்ஸில் கூடத்தின் பேச்சு தானாகக் குறைந்தது. யாரும் காரணம் சொல்லவில்லை, சொல்லவும் மாட்டார்கள். எதிரணி இன்னும் ஒரு ஹிட்கூட, அதாவது அவுட்டாகாமல் ஓடித் தளம் சேரும்படி ஒரு அடிகூட, அடிக்கவில்லை. ஒன்பது இன்னிங்ஸும் ஒரு ஹிட்கூடக் கொடுக்காமல் வீசி முடிப்பது எந்தப் பிட்ச்சருக்கும் ஆயுளில் ஒருமுறை வாய்த்தாலே பெரிது. அநேகம் பேருக்கு வாய்ப்பதே இல்லை. அது நடந்துகொண்டிருக்கும்போது அதைப்பற்றி வாயைத் திறக்கக் கூடாது. திறந்தால் போய்விடும். பிட்ச்சரோடு அவன் அணியினரே பேசமாட்டார்கள். பார்த்துக்கொண்டிருப்பவர்கள் உட்கார்ந்த இடத்தை மாற்றக் கூடாது. கால்மேல் கால் போட்டிருந்தால் போட்டபடிதான் இருக்கவேண்டும். சான் பேத்ரோவில் இதை நம்பாதவன் ஒருவன்கூடக் கிடையாது, பாதிரியார் உட்பட.

டிவியில் எலாதியோ தன் அணி வரிசையின் ஓரத்தில் தனியாக உட்கார்ந்திருந்தான். பக்கத்தில் ஒரு ஆள் இல்லை. தோளில் துண்டைப் போட்டுக்கொண்டு தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்குத் தெரிந்துதான் அப்படி உட்கார்ந்திருக்கிறான் என்று ஒரு கணம் நெரெய்தாவுக்குத் தோன்றியது.

ஆறாவதில் கிரினோவால் பொறுக்க முடியவில்லை. "இதப் பார்க்காம கொம்பாத்ரே படுத்திருக்கறதா? தூக்கிட்டு வந்தாவது நாற்காலியில உக்கார வைக்கலாம்டா. யாந்த்ரி, வா, ஒரு கை பிடி."

யாந்த்ரி எழுந்தேவிட்டான்.

"உக்காருங்கடா ரெண்டு பேரும்!" என்று சீறினாள் லூசிலா. "புத்தி இருக்கா உங்களுக்கு? ஆரம்பத்துலேர்ந்து அவர் உள்ள, நாற்காலி காலி. அது அப்படியே இருக்கணும். இப்பப் போய்க் கெளப்புவீங்களா? ஏதாவது ஆச்சுன்னா உங்க ரெண்டு பேரையும் இந்த வாசப்படியிலயே வெட்டிப் போடுவேன்."

கிரினோ வெட்கப்பட்டு உட்கார்ந்தார். யாந்த்ரியும் தன் நாற்காலிக்கே போய், முன்பு எப்படி உட்கார்ந்திருந்தானோ அப்படியே உட்கார்ந்தான். லூசிலா நெரெய்தாவைப் பார்த்துக் கண்டிப்பாகச் சொன்னாள்.

"நீயும் அந்தக் கதவ விட்டு நகராத. யாரையும் உள்ள விடாத. அவர் எப்படி இருக்காரோ அப்படியே இருக்கட்டும்."

"சரிக்கா" என்றாள் நெரெய்தா. சற்றுமுன் அறைய நினைத்தவளின் காலில் விழவேண்டும்போல இப்போது இருந்தது.

ஏழாவதும் போயிற்று. ரம் அப்படியே இருந்தது, யாரும் தொடவில்லை. தண்ணீர் இப்போது அவள் பாவாடைக்கு அடங்காமல் முக்காலியைத் தாண்டிவிட்டிருந்தது. யாரும் தரையைப் பார்க்கவில்லை.

எட்டாவது இன்னிங்ஸில் இரண்டு அவுட் ஆகியிருந்தது. மூன்றாவது பேட்டர் வந்து நின்று மட்டையைத் தட்டினான். எலாதியோ இன்னும் பந்தைக் கையில்தான் வைத்திருந்தான்.

அப்போது கதவுக்குப் பின்னாலிருந்து அம்மா கதறினாள்.

அடிவயிற்றிலிருந்து வந்த ஒரே கதறல். கூடத்தில் எல்லோருக்கும் உயிர் போய்விட்டது.

"போச்சு!" என்று கிரினோ தலையில் கை வைத்துக்கொண்டார். "போச்சே, அடிச்சுட்டானா!"

"அந்த ரேடியோவ ஒடச்சுத்தான் போடணும்" என்று யாந்த்ரி தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தான். லூசிலா கண்ணை மூடிக்கொண்டாள். ரேடியோ முந்திச் சொல்லிவிட்டது. இனி டிவி அந்த அடியைக் காட்டவேண்டியதுதான் பாக்கி. எல்லோரும் அதை எதிர்பார்த்துத் திரையைப் பார்த்தார்கள்.

எலாதியோ கையைச் சுழற்றி வீசினான். பேட்டர் மட்டையை வீசினான். பந்து மட்டையின் விளிம்பில் பட்டு நேராக மேலே போனது. உயரமாக, சோம்பலாகப் போய், திரும்பி இறங்கியது. கீழே ஒரு ஆட்டக்காரன் இரண்டு அடி வைத்து, அசையாமல் நின்று பிடித்துக்கொண்டான். அவுட். டிவியில் மைதானம் முழுக்க எழுந்து கத்தியது.

கூடத்தில் யாரும் கத்தவில்லை.

கிரினோ தலையில் வைத்த கையோடு திரும்பினார். கதவைப் பார்த்தார். கதவில் ஒட்டிக்கொண்டு நின்ற நெரெய்தாவைப் பார்த்தார். அவள் காலடியில் வந்துகொண்டிருந்த தண்ணீரைப் பார்த்தார்.

"ஐஸ்" என்றார்.

லூசிலா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். மதியத்திலிருந்து அந்த வாய் பேசியதெல்லாம் அவளுக்கு ஞாபகம் வந்திருக்கவேண்டும்.

"விடியறதுக்கு முன்னாடியே" என்றாள் நெரெய்தா. சத்தம் வராமல் உதடு மட்டும் அசைவதாக அவளுக்குத் தோன்றியதால் மறுபடி சொன்னாள். "விடியறதுக்கு முன்னாடியே போயிட்டாரு. தம்பிக்குத் தெரியாது. உங்க காலப் பிடிச்சுக் கேக்கறேன், ஆட்டம் முடியட்டும். இன்னும் ஒரே ஒரு இன்னிங்ஸ். அவனுக்குத் தெரிஞ்சுடக் கூடாது."

அவள் யாந்த்ரியின் கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். செல்போன் அவன் கையில்தான் இருந்தது. கட்டைவிரல் திரைமேல் இருந்தது. அவன் கண்ணில் தண்ணீர் நின்றதே தவிர, விரல் என்ன செய்யப்போகிறது என்று அவனுக்கே தெரியாததுபோல இருந்தது.

"யாந்த்ரி" என்றார் கிரினோ. "அந்த ஹெல்மெட்ட நீட்டு."

நீட்டினான். கிரினோ தன் செல்போனை எடுத்து அணைத்து அதில் போட்டார். யாந்த்ரி தன்னுடையதையும் போட்டுவிட்டு ஹெல்மெட்டைப் பக்கத்து ஆளிடம் கொடுத்தான். கோயிலில் காணிக்கைக் கூடை போவதுபோல அது ஒவ்வொரு மடியாகப் போய்வந்தது. யாரும் எழுந்திருக்கவில்லை. லூசிலா தோளில் கிடந்த சால்வையை எடுத்துப் பின்னால் கொடுக்க, அது கைமாறிக் கைமாறி யாந்த்ரியிடம் போனது. அவன் உட்கார்ந்தபடியே கையை உயர்த்திச் சுவர்க் கண்ணாடிமேல் அதை விரித்து மூடினான்.

நெரெய்தா உள்ளே போனாள். அம்மா கட்டிலோரம் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"அவர் பேரச் சொன்னாண்டி" என்றாள். "ரேடியோக்காரன். 'சான் பேத்ரோவுல தோன் ஃபெர்மின் இப்ப நாற்காலி நுனிக்கு வந்திருப்பாரு, என்ன தோன் ஃபெர்மின், கேக்குதா'ன்னான். நேரா இவரையே பார்த்துக் கேட்டாண்டி. நான் என்ன பண்ணுவேன்?"

"பரவால்லம்மா."

"கெடுத்துட்டேனா?"

"இல்லம்மா. இருக்கு. இன்னும் இருக்கு."

ஒன்பதாவது இன்னிங்ஸை அந்தக் கூடம் பார்த்ததுபோல வேறு எந்தக் கூடமும் பார்த்திருக்காது. முதல் ஆள் அவுட். கை தட்டவில்லை. இரண்டாவது ஆள் மூன்று பந்திலும் காற்றை அடித்துவிட்டுப் போனான். யாரும் வாயைத் திறக்கவில்லை. இன்னும் ஒரே ஒரு ஆள்தான். எல்லோரும் ஒரு காதை உள்ளறைக் கதவில் வைத்திருந்தார்கள். அங்கிருந்து எந்தச் சத்தமும் வரவில்லை. அதனால் நல்லதுதான் நடக்கப்போகிறது என்று நினைத்துக்கொண்டார்கள்.

பேட்டர் அடித்த பந்து, எம்பிக் குதித்தவனின் கையுறைக்கு ஒரு சாண் மேலே தாண்டிப் புல்லில் விழுந்தது. சுத்தமான ஹிட்.

ரேடியோ முன்னாலேயே சொல்லியிருக்கும். அம்மா கேட்டுத்தான் இருப்பாள். ஒரு முனகல்கூட வெளியே வரவில்லை.

மைதானத்தில் ஜனங்கள் எழுந்து நின்று எலாதியோவுக்குக் கை தட்டினார்கள். அவன் தொப்பியைக் கழற்றி நெற்றியைத் துடைத்து மறுபடி போட்டுக்கொண்டான். அடுத்த ஆளைத் தாழ்ந்த ஒரு பந்தில் முடித்தான். ஜெயித்தாகிவிட்டது. அணியினர் ஓடிவந்து கட்டிக்கொண்டார்கள். இப்படி வீசியவனை யாரும் வீட்டுக்கு அனுப்பமாட்டார்கள் என்று அங்கே எல்லோருக்கும் தெரிந்தது. கேமராவைப் பார்த்து அவன் வலது காதை இரண்டு தடவை விரலால் தட்டினான். அது அப்பாவுக்கு. கேட்டீங்களா என்று அர்த்தம். "கேட்டேன்டா, கேட்டேன்" என்று டிவியைப் பார்த்துப் பதில் சொல்வது அப்பாவின் வழக்கம். அந்தப் பதிலுக்கான நேரம் வந்து, கடந்து போனது.

நெரெய்தா சமையலறையிலிருந்து செல்போனை எடுத்துவந்து கையில் வைத்துக்கொண்டாள். இப்போது அடிக்கும், இதோ அடிக்கும். காலையிலிருந்து பட்ட பயமெல்லாம் ஒன்றுமில்லை என்றாகிவிட்டது. ஆட்டம் போனால் போகிறது என்று அவனிடம் சொல்லியிருக்கலாமே. ஏன் சொல்லவில்லை என்று அவன் கேட்டால் என்ன சொல்வது? அப்பா குளிக்கிறார் என்றாயே, நான் செத்துப்போவாரா என்று கேட்டுச் சிரித்தேனே, அதையும் கேட்டுக்கொண்டுதானே இருந்தாய் என்றால்?

அடித்தது.

"அக்கா! பார்த்தீங்களா? அந்தக் கடைசி ஆள்... சரி விடு, போகட்டும். அப்பாகிட்ட குடு. திட்டுவாரு, திட்டட்டும். குடு குடு."

கூடமே அவளைப் பார்த்துக்கொண்டிருந்தது. "அக்கா? லைன் இருக்கா?" என்றான் அவன்.

பின்னால் கதவு திறந்தது. அம்மா வந்து நின்றாள். தலைமுடியைச் சீவி முடிந்திருந்தாள். கையை நீட்டி, மகளிடமிருந்து போனை வாங்கிக்கொண்டாள்.

"எலாதியோ. சாப்பிட்டியா?... அப்ப மொதல்ல உக்காரு. இல்ல, நின்னுட்டுப் பேசாத. பக்கத்துல நாற்காலி இருக்கா பாரு... உக்காந்துட்டியா?"

கிரினோ தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

"அப்பா காலைலயே போயிட்டாருப்பா. தூக்கத்துல. கஷ்டப்படல."

நீண்ட நேரம் அம்மா கேட்டுக்கொண்டிருந்தாள். போனிலிருந்து ஏதோ ஒரு சத்தம் கசிந்தது. அழுகையா, கத்தலா என்று நெரெய்தாவுக்குப் பிரிக்கத் தெரியவில்லை. பிறகு அம்மா நிமிர்ந்தாள்.

"இல்ல. அக்கா இல்ல. நான்தான். அவ உன்கிட்ட சொல்லணும்னுதான் காலைலேர்ந்து அழுதா. நான்தான் விடல. திட்டறதுன்னா என்னைத் திட்டு."

நெரெய்தா அன்று முழுக்க ஒரு சொட்டுக்கூட அழுதிருக்கவில்லை. இப்போதுதான் அழுகை வந்தது, அதையும் அவன் காதில் விழாதபடி புறங்கையைக் கடித்துக்கொண்டு அழுதாள். அம்மா ஒரு கையில் போனைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் அவள் தலையைத் தன் தோளோடு சேர்த்துக்கொண்டாள்.

கட்டிலடியிலிருந்து தண்ணீர் திறந்த கதவு வழியாகத் தாராளமாக வந்துகொண்டிருந்தது. காலி இரும்பு நாற்காலியைச் சுற்றிக்கொண்டு கூடத்துக்குள் பரவியது. கிரினோவின் செருப்பை நனைத்தது, லூசிலாவின் செருப்பை நனைத்தது. ஆட்டம் முடிந்து வெகுநேரமாகியும், ஒருவரும் காலைத் தூக்கவில்லை.